ஐந்துக்குப் பின் ஒரு சுழி

எம் ஐம்பத்து நான்கு, புள்ளி, ஐந்து, சுழி.
விரல் தானாகவே அடிக்கும்.
ஐந்து ரோட்டு மேம்பாலத்தை ஒட்டிய கட்டடம், நான்காம் மாடி,
இரவு பத்தரை.
கடல் தாண்டி எங்கோ யாரோ குனிந்தார்கள்,
நிமிர முடியவில்லை.
அதற்கு இந்த எண்.

முன்பு சுழி கிடையாது.
இரண்டாயிரத்து இருபத்தொன்று, அக்டோபர் முதல் தேதி.
அம்மாபேட்டையில் பக்கத்து வீட்டுத் தறிச் சத்தத்துக்குக்
காதில் பஞ்சடைத்து
சமையலறை மேடையில் வேலை பார்த்த காலம்.
ஒரே ராத்திரியில் இடுப்பு வலி மூன்றாய்ப் பிரிந்தது:
முள்ளெலும்பின் தகட்டிலிருந்து கிளம்புவது,
வேறு விதமானது,
இன்ன விதமென்று எழுதப்படாதது.
சுழியை மறந்த என் பதினோரு கோப்புகள் திரும்பி வந்தன.
"வலிக்கு வால் வைக்காம அனுப்பிட்டியே"
போனில் சிரித்தார் ஷெர்லி மேடம்.
தொண்ணூற்றைந்து சதவீதத்துக்குக் கீழே போனால்
சிரிக்க மாட்டார்.

கிளி கடித்தால் ஓர் எண் இருக்கிறது.
வான்கோழி கொத்தினால் வேறொன்று.

மருத்துவர் எழுதாதது நடக்காதது,
ஊகிக்காதே என்பார்கள் பயிற்சியில்.
நேற்று ஒரு கோப்பு. ஆண், ஐம்பத்தெட்டு, கிடங்கில் வேலை.
"ஒன்றுமில்லை, மனைவி சொன்னதால் வந்தேன்"
என்றதை அப்படியே மேற்கோளுக்குள் வைத்திருந்தார் டாக்டர்.
நாலு வரி தள்ளி,
ஷூ லேஸ் அவிழ்ந்தபடியே நடந்து வந்தார் என்று.
லேஸுக்கு எண் இல்லை.
சுழி போட்டு அடுத்ததைத் திறந்தேன்.

இரண்டே முக்காலுக்கு மாப்போடு வருவார் பாவாயி அக்கா.
நாற்காலிக்கடியில் துடைக்கக் காலைத் தூக்கிக்கொள்வேன்.
இன்று திரையைப் பார்த்தபடி நின்றார்.
"ராவெல்லாம் என்னத்தத்தான் கண்ணு எழுதறீங்க?"
இடுப்பு வலிங்க்கா.
"யாருக்கு?"
அமெரிக்காவுல ஒருத்தருக்கு.
"அவுருக்கு வலிச்சா உனக்குச் சம்பளமா!"
கட்டையை ஊன்றிக்கொண்டு சிரித்தார்.
சிரிப்பு பாதியில் நின்றது,
கை பின்னால் போனது.

"எனக்கும் ஒண்ணு எழுது, பாக்கலாம்."

பிறகு நான் கேட்காமலேயே:
நடுவுல இல்ல, சோத்தாங்கைப் பக்கம்,
பாவாடை நாடாவுக்கு ரெண்டு வெரல் கீழ.
உக்காந்தா இல்ல, எந்திரிக்கறப்ப.
வாளியத் தூக்கறப்ப இல்ல, கீழ வெக்கறப்ப.
கன்னங்குறிச்சி பஸ்ஸு ஒரு குதி குதிச்சா
குதிகால் வரைக்கும் சுருக்குனு ஒரு கம்பி எறங்கும்.
வெள்ளக்கல்லு கூடை சொமந்தனே, அதுலயா,
மூணாவதுக்கு முதுகுல ஊசி போட்டாங்களே, அதுலயா,
தெரியல.
மலை மேல மேகம் குந்துனா
மழைக்கு மொத நாளே எனக்குத் தெரிஞ்சுரும்.

எட்டு வருடத்தில்
இத்தனை விவரமான கோப்பு என் திரைக்கு வந்ததில்லை.
சுழிக்கு இங்கே இடமே இல்லை.
ஐம்பத்து நான்கு, புள்ளி, நான்கு, ஒன்று:
கால் வரை இறங்கும் வலி, வலப்பக்கம்.
அடித்தேன்,
கீபோர்டுக்கு வெளியே, வெறும் மேசையில்.
"என்ன நம்பரு வந்துச்சு?"
சொன்னேன்.
லாட்டரி சீட்டை ஒப்பிடுவதுபோல் இரண்டு முறை சொல்லிப் பார்த்து
வாளியோடு அடுத்த வரிசைக்குப் போனார்.
அது தரையில் வைக்கப்படும் சத்தத்துக்காகக் காத்திருந்தேன்.
வெகுநேரம் வரவில்லை.

ஏழரைக்கு ஷிஃப்ட் முடிந்தது.
நாற்காலியிலிருந்து எழ எனக்கு இரண்டு தவணை வேண்டும்:
முதலில் மேசை வரை, பிறகு மீதி.
கீழே, வண்டிக் கதவைத் திறந்துவைத்துப் பார்த்துக்கொண்டிருந்தார்
தஸ்தகீர் அண்ணன்.
"இடுப்பாம்மா?"
ஒன்னுமில்லைண்ணா.
தன் சீட்டின் மணி விரிப்பைக் கழற்றிப்
பின்சீட்டில் போட்டார்.
சேர்வராயன் மலை மேகத்துக்குள் இருந்தது.
நாலு ரோடு தாண்டி அம்மாபேட்டை வரை
வேறெதுவும் பேசவில்லை அவர்,
ஒவ்வொரு வேகத்தடைக்கும் பத்தடி முன்னால்
"வருது" என்பதைத் தவிர.